நிற்காத படகு

மார்ச் 4, செவ்வாய்

இந்த நோட்டு என்னுடையது இல்லை. ஆஸ்பத்திரியில் மனசுக்கு வைத்தியம் பார்க்கிற டாக்டரம்மா என் மகள் மாரிச்செல்விக்குக் கொடுத்தது. தினமும் தோன்றுவதை எழுது, பாரம் குறையும் என்றாளாம். மாரி பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. தாள் வழவழவென்று இருக்கிறது. சும்மா கிடந்தால் வீண்தானே என்று நான் எடுத்துக்கொண்டேன். ஐந்தாம் வகுப்போடு நின்ற கை. எழுத்து, சந்தைக்குப் போகிற ஆடு மாதிரி ஆளுக்கொரு பக்கம் இழுக்கிறது.

முதல் பக்கத்தில் பெயர் எழுதக் கோடு போட்டிருக்கிறார்கள். ஆவுடையம்மாள். சங்கரன்கோவில் சன்னதித் தெருவில் வளையல் கடை. இப்போது இருப்பது இத்தாலியில், வெனிஸுக்குப் பக்கத்தில் மெஸ்த்ரே என்கிற ஊர். மாப்பிள்ளை கோமதிநாயகம் இங்கே கப்பல் கட்டுகிற இடத்தில் வெல்டர்.

விமான நிலையத்தில் மாப்பிள்ளையைப் பார்த்ததும், “என்ன மாப்ள, வத்தலாப் போயிட்டீக? எம்மக சோறு போடுதாளா, இல்ல படத்தக் காட்டி ஏமாத்துதாளா?” என்றேன். சிரித்தார். பெட்டியைத் தள்ளிக்கொண்டு முன்னால் போனவர், பஸ் வருகிறவரைக்கும் என் பக்கம் திரும்பவே இல்லை.

இதையும் எழுதிவிடுகிறேன். நான் பேறுகாலம் பார்க்க வந்தவள். டிக்கெட்டெல்லாம் எடுத்தாகிவிட்டது. அதற்குள் போன மாதம், எட்டாம் மாசத்திலேயே பிள்ளை போய்விட்டது. “இருந்தாலும் வாங்க அத்த” என்றார் மாப்பிள்ளை. வந்துவிட்டேன்.

குளிர் பல்லைத் தந்தி அடிக்க வைக்கிறது.

மார்ச் 5, புதன்

மாரி என் மடியில் விழுந்து அழுவாள் என்று நினைத்து, அதற்கென்று ஒரு பழைய சேலையைக் கட்டிக்கொண்டு வந்திருந்தேன். அழவில்லை. “சாப்ட்டியாம்மா, பிளேன்ல என்ன குடுத்தான்” என்று விருந்தாளியைக் கேட்பதுபோல் கேட்டாள்.

வளையல்காரிக்கு ஒரு ஆளின் முகத்துக்கு முன்னால் கைதான் தெரியும். கையைப் பிடித்துப் பார்த்தேன். வளைகாப்பு வளையல் அப்படியே கிடக்கிறது. நான்தான் ஊரிலிருந்து வந்த ஒரு பையனிடம் கொடுத்துவிட்டேன். மாசமாக இருக்கிற கை வீங்கும் என்று ஒரு அளவு கூட்டி, பச்சையும் சிவப்புமாக. வளைகாப்பை நான் போனில்தான் பார்த்தேன். பக்கத்துக் கடை பங்களாதேஷ் அம்மா முதல் வளையல் போட்டாள். நேரில் இருந்தாலும் நான் போட்டிருக்க முடியாது, தாலி இல்லாத கை. ஊரில் இருக்கிற பெண்களுக்கெல்லாம் காசுக்குப் போடலாம், மகளுக்குச் சும்மா போடக் கூடாது.

ஆபரேஷன் நேரத்தில் வளையல் மேல் பிளாஸ்திரி சுற்றியிருக்கிறார்கள். அந்தப் பசை இன்னும் கறுப்பாக ஒட்டிக்கிடக்கிறது.

“ஏட்டி, கழட்டிருவோமா? கையெல்லாம் பிசுபிசுன்னு கிடக்கு.”

“பிள்ள வந்த பெறகுதானம்மா கழட்டணும். நீதான சொல்லுவ?”

நான்தான் சொல்வேன். எங்கள் பக்கத்தில் அப்படித்தான். பேறுகாலம்வரை அந்த வளையலைக் கழற்றுவதில்லை. பிள்ளை பிறந்ததும் கழற்றி, பிள்ளையை முதலில் கையில் வாங்கினவர்களுக்குக் கொடுத்துவிடுவோம். முன்னே மருத்துவச்சிக்கு, இப்போது நர்ஸுக்கு. எத்தனை நர்ஸிடம் நான் வம்பு வளர்த்திருக்கிறேன், ‘வளையலுக்குத்தான் வெரசா பிள்ளய எடுத்தீகளோ’ என்று.

“அதான் எல்லாம் முடிஞ்சுபோச்சேட்டி” என்றேன், மெதுவாகத்தான்.

“நான் பாக்கலையேம்மா. மயக்கத்துல கிடந்தேன். கண்ணு முழிக்கும்போது வயிறு இல்ல. அவ்வளவுதான். பாக்காம எப்படிக் கழட்ட?”

காப்பி போடப் போனேன்.

மார்ச் 6, வியாழன்

மாரிக்கு இன்னும் பால் கட்டுகிறது. மல்லிகைப் பூ வைத்துக் கட்டினால் பால் வற்றும். கிடைக்குமா என்று மாப்பிள்ளையிடம் கேட்டேன். “தலைக்கா அத்த?” என்றார் மாப்பிள்ளை. ஆமாம் என்றேன். இந்தக் குளிரில் கிடைக்காதாம். முட்டைக்கோஸ் இலை வைத்துக் கட்டினோம். “இத வச்சிட்டு மீதியப் பொரியல் பண்ணவா?” என்றேன் மாரியிடம். சிரிக்கவில்லை.

மார்ச் 8, சனி

ஊரில் என் கடைக்குப் பக்கத்தில் பூக்கட்டுகிற பொன்னுத்தாய் அக்காவிடமிருந்து போனில் குரல் வந்திருந்தது. “ஏ ஆவுட, போயிச் சேந்துட்டியா? மகளுக்கு வலி கண்டுச்சா? பொண்ணா, பையனா, ஒரு வார்த்த சொல்லு. தெருவே காத்துக்கிட்டு இருக்கோம்!”

தெருவில் யாரிடமும் நான் சொல்லவில்லை. சொல்லாமலே வந்தேன். மாலையெல்லாம் போட்டு பஸ் ஏற்றிவிட்டார்கள். அந்த முகங்களிடம் எப்படிச் சொல்ல? இன்றைக்கும் சொல்லவில்லை. “வெள்ளக்கார டாக்டர் வரிசையில நிக்கச் சொல்லுதான்க்கா. நம்ம டோக்கன் கூப்பிடல” என்று பேசி அனுப்பிவிட்டேன். அக்கா சிரித்த சிரிப்பு அங்கேயிருந்து இங்கே கேட்டது.

பெட்டியை ஒழுங்குபடுத்தினேன். கீழ்ப்பக்கம் ஒரு சின்னப் பொட்டலம் இருக்கிறது. அதை எடுக்கவில்லை.

மார்ச் 10, திங்கள்

மாரி தூங்கும்போது மாப்பிள்ளையும் நானும் அடுப்படியில் பீன்ஸ் நறுக்கினோம். அவர் நறுக்குகிற பீன்ஸ் ஒவ்வொன்றும் அளவெடுத்த மாதிரி இருக்கும். “வெல்டிங் வைக்கப் போறீகளா மாப்ள?” என்றேன். அதற்குச் சிரித்துவிட்டு, பிறகு நான் கேட்காமலே சொன்னார்.

அன்றைக்கு வெனிஸுக்குச் சும்மா காற்று வாங்கப் போயிருக்கிறார்கள். ஒரு பாலத்தில் ஏறும்போது மாரிக்கு உதிரம் போக ஆரம்பித்திருக்கிறது. அந்த ஊரில் ரோடு கிடையாது, ஆம்புலன்ஸும் படகுதான். தண்ணீர் ஓரத்து ஆஸ்பத்திரியில் கொண்டுபோய்ச் சேர்த்து, உடனே ஆபரேஷன். தாயை மட்டும் காப்பாற்ற முடிந்தது.

“பொண்ணு அத்த” என்றார். “தலை நெறைய முடி. நர்ஸம்மா ஒரு துண்டுல சுத்தி எங் கையிலதான் குடுத்துச்சு.”

“மாரிக்குக் காட்டலியா?”

“அவளுக்கு நெனவு வர மூணு நாளாச்சு. காய்ச்சல் வேற. அதுக்குள்ள எல்லாம் முடிச்சிட்டேன்.”

“எங்க மாப்ள?”

கத்தியை வைத்துவிட்டுக் கை கழுவினார். “அது ஆம்பளைக வேல அத்த. விடுங்க.”

விட்டுவிட்டேன். எனக்குப் பழக்கமான பதில்தான். எங்கள் பக்கத்தில் பிள்ளை தவறினால் ஆம்பளைகள் எடுத்துக்கொண்டு போவார்கள், தலை முழுகிவிட்டு வருவார்கள். தாய்க்காரிக்கு இடத்தைச் சொல்வதும் இல்லை, அவள் கேட்பதும் இல்லை. மாரிக்கு முன்னால் எனக்கும் ஒன்று அப்படிப் போனது. அவளுடைய அப்பா ஈரத் தலையோடு வந்து, சோறு இருக்கா என்று கேட்டார். போட்டேன். அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். அதைப் பற்றி இங்கே எழுத ஒன்றும் இல்லை.

பீன்ஸில் உப்பு கூடிவிட்டது.

மார்ச் 13, வியாழன்

மாப்பிள்ளை இன்று ஒரு சீட்டைக் காட்டினார். ஞாயிற்றுக்கிழமை படகில் மூன்று தீவு பார்க்கப் போகிறோமாம். ஒன்றில் கண்ணாடி ஊதுகிறார்கள், ஒன்றில் ஊசியால் லேஸ் பின்னுகிறார்கள், ஒன்று பழைய கோயில். கூடவே வழிகாட்ட ஆள் வரும்.

“அத்த வாழ்நாள் பூராக் கண்ணாடி வித்தவுக. கண்ணாடி பொறக்குற எடத்தப் பாக்க வேண்டாமா?” என்றார்.

மாரி வரவில்லை என்றாள். “நீ வராட்டி நான் வழி தெரியாம அந்தத் தீவிலேயே ஒரு வெள்ளக்காரனக் கட்டிக்கிடுவேன். பெறகு உனக்குப் புது அப்பா வந்துட்டான்னு அழக் கூடாது” என்றேன். “போம்மா” என்றாள். அது வருகிறேன் என்பதற்கு அவள் பாஷை.

சாயங்காலம் பங்களாதேஷ் அம்மா கடையில் வெண்டைக்காய் வாங்கும்போது, சாதாரணப் படகே அந்தத் தீவுகளுக்குப் போகும், டவுன் பஸ் மாதிரி, எதற்கு வீண் செலவு என்று சைகையும் இந்தியுமாகச் சொன்னாள். மாப்பிள்ளையிடம் கேட்டேன்.

“அது எல்லா எடத்துலயும் நின்னு நின்னு போகும் அத்த. இது நிக்காது. நேராப் போயிரும்.”

எண்ணெய் டப்பாவில் கடைசிச் சொட்டுவரை கவிழ்த்து வைக்கிற மனுஷன். மாமியாருக்காக இப்படிப் பணமுடிச்சை அவிழ்க்கிறாரே என்று பெருமையாகத்தான் இருந்தது.

மார்ச் 16, ஞாயிறு

கால் வலிக்கிறது, ஆனாலும் எழுதிவிடுகிறேன்.

ரயில் நிலையத்துப் பக்கத்தில் படகு. வழிகாட்ட வந்தவள் பெயர் என் வாயில் நிற்கவில்லை. மடக்கின சிவப்புக் குடையைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டே போனாள், மழையே இல்லை. எனக்கு அவள் குடைக்காரி. நாலு பாஷையில் மாற்றி மாற்றிப் பேசினாள். நான் எல்லாவற்றுக்கும் தலையாட்டினேன். அவளுக்கு என்மேல் நல்ல பிரியம் வந்துவிட்டது, கூட்டத்திலேயே ஒழுங்காகக் கேட்கிறவள் நான்தான் என்று.

கால்வாயை விட்டு வெளியே வந்ததும் பெரிய தண்ணீர். மாப்பிள்ளை எங்களை இடது பக்கத்து பெஞ்சில் உட்காரவைத்தார். “அந்தா பாருங்க அத்த, தூரத்துல மல. பனி தெரியுதா? மாரி, அங்க பாரு” என்று காட்டிக்கொண்டே இருந்தார். மேகம்தான் தெரிந்தது. தெரிகிறது என்று சொல்லிவைத்தேன். அவர் மட்டும் எங்களுக்குப் பின்னால், வலது பக்கத்துக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். மலையை எங்களுக்குக் காட்டிவிட்டு அவர் என்ன பார்க்கிறார் என்று திரும்பினேன். தண்ணீருக்கு நடுவே ஒரு நீளமான செங்கல் மதில். அதற்கு மேல் ஊசி ஊசியாகக் கறுப்பு மரங்கள்.

மாப்பிள்ளை ஷூவைக் கழற்றியிருந்தார். அந்த ஈரத் தரையில் வெறும் சாக்ஸோடு நின்றார்.

“என்ன மாப்ள, காலு வேக்குதா? இந்தக் குளிருக்கு எனக்கு ரெண்டு ஷூ சேத்துப் போட்டாலும் பத்தாது. அதக் குடுங்க இங்க!”

பக்கத்திலிருந்த வெள்ளைக்காரக் கிழவர்கூட, அர்த்தம் புரியாமலே சிரித்தார். மாப்பிள்ளை திரும்பவில்லை. மதில் தாண்டின பிறகு குனிந்து மாட்டிக்கொண்டார்.

கண்ணாடித் தீவில் ஒரு சூளை. ஒருவன் நீளக் குழாயை உள்ளே விட்டு எடுத்தான். நுனியில் தேன் மாதிரி ஒழுகியது. எங்கள் கடை வளையலெல்லாம் வடக்கே ஃபிரோசாபாத்திலிருந்து வைக்கோல் பொதிந்து வரும். அட்டைப் பெட்டியைப் பிரிக்கிறதிலிருந்துதான் எனக்குக் கண்ணாடி தெரியும். அது இப்படி உயிரோடு நெளியும் என்று இன்றைக்குத்தான் பார்த்தேன். இடுக்கியால் நாலு இழுப்பு, ஒரு குதிரை. முன்னங்காலைத் தூக்கிக்கொண்டு நின்றது. எல்லாரும் கைதட்டினார்கள். அந்தக் குதிரையை அவன் ஒரு ஓரத்தில் போட்டுவிட்டான், அது ஆறுகிற முறையில் ஆறாது, வெடித்துவிடும் என்று மாரி மொழிபெயர்த்தாள். வந்ததிலிருந்து அவளாக வாய் திறந்து சொன்ன பெரிய பேச்சு அதுதான். நான் இன்னும் நாலு கேள்வி கேட்டேன், பதில் எனக்கு வேண்டும் என்பதற்காக இல்லை.

பிறகு கடைக்குள் தள்ளிக்கொண்டு போனார்கள். கடைக்காரன் கெட்டிக்காரன். வாங்க வந்தவர்களைவிட, சும்மா பார்க்க வந்தவர்களைத்தான் கவனித்தான். தொழில் தெரிந்தவன். மாரி கை ஓசை கேட்டுத் திரும்பி, வளையலைப் பார்த்து ‘பெல்லா, பெல்லா’ என்றான். அழகு என்று அர்த்தமாம். மாரி ஸ்வெட்டர் கையை விரல்வரை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

அடுத்தது லேஸ் தீவு. வீடுகளுக்கு அடித்திருக்கிற பெயிண்டைப் பார்க்க வேண்டுமே. மஞ்சள், ரோஸ், ஊதா, கிளிப்பச்சை. “ஆடித் தள்ளுபடிக்கு ஜவுளிக்கடையில மூட்டையப் பிரிச்சுப் போட்ட மாதிரி இருக்குட்டி” என்றேன். மாரி உதட்டைக் கடித்துக்கொண்டாள். சிரிப்பு வருவதற்கு முந்தின இடம் அது, எனக்குத் தெரியும். அதற்குள் ஒரு கடைக் கண்ணாடி வந்துவிட்டது. உள்ளே ஒரு வயசான அம்மா மடியில் சின்ன மெத்தையை வைத்து ஊசியால் பின்னிக்கொண்டிருந்தாள். அவளுக்கு மேலே கம்பியில், வெள்ளை லேஸில் கைக்குழந்தைச் சட்டை. குல்லாய். காலுறை.

மாரி நின்றுவிட்டாள்.

மாப்பிள்ளை வேகமாக வந்து கண்ணாடிக்கும் அவளுக்கும் நடுவில் நின்றார். எதையோ தேடுவதுபோல் பையைத் துழாவினார். எனக்கு அந்த அம்மாவின் ஊசி போகிற வேகத்தைப் பார்க்க ஆசை. “மாப்ள, உங்கப்பா என்ன கண்ணாடிக்காரரா? மறைக்குது, தள்ளுங்க” என்றேன். சொல்லி வாய் மூடுவதற்குள், அவர் எதை மறைக்கிறார் என்று புரிந்தது. என் வாயைத் தைக்க அந்த ஊசி போதாது.

மூன்றாவது தீவில் ஆளே இல்லை. கைப்பிடி இல்லாத ஒரு பாலம். பழைய கோயில். மாரி வெளியே ஒரு கல்லில் உட்கார்ந்துகொண்டாள், மாப்பிள்ளை காவல். நான் மட்டும் உள்ளே போனேன். சுவர் முழுக்கத் தங்கம். நடுவில் உயரமாக ஒரு தாய் தனியாக நிற்கிறாள். இடது கையில் பிள்ளை. வேறு யாரும் இல்லை, மரம் மட்டை இல்லை. நல்ல பிடிதான் பிடித்திருந்தாள்.

திரும்பும்போது அந்த மதில் மறுபடி வந்தது. மாப்பிள்ளை மறுபடி எங்களை மலை பார்க்கச் சொன்னார். மறுபடி ஷூவைக் கழற்றினார். இந்தத் தடவை நான் கேலி பண்ணவில்லை. எழுந்து குடைக்காரியிடம் போய், மதிலைக் காட்டி, என்ன என்று கையால் கேட்டேன். அவள் இரண்டு கையையும் நெஞ்சில் பெருக்கல் குறி மாதிரி வைத்து, கண்ணை மூடிக் காட்டினாள்.

நான் வழக்கம்போலத் தலையாட்டினேன்.

மார்ச் 17, திங்கள்

ரசம். அப்பளம். ஒன்றும் ஓடவில்லை.

மார்ச் 18, செவ்வாய்

பங்களாதேஷ் அம்மாவிடம் போய்க் கேட்டேன். சாதாரணப் படகு, ஆஸ்பத்திரிக் கரை தாண்டித் தண்ணீருக்கு நடுவே எங்கே நிற்கும் என்று. அவள் கொத்தமல்லிக் கட்டைக் கீழே வைத்துவிட்டு, என்னைப் பார்த்து, “கபரஸ்தான்” என்றாள். கல்லறை.

டவுன் பஸ் படகு அங்கே நிற்கும். காசு கொடுத்த படகு நிற்காது. அதற்காகத்தான் அந்தச் சீட்டு. எனக்குக் கண்ணாடி காட்ட இல்லை. வீட்டை விட்டு வெளியே வராத மாரியை எங்கேயாவது கூட்டிக்கொண்டு போக வேண்டும், அங்கே நிற்கவும் கூடாது. நானோ ஷூவைக் கேலி பண்ணிக்கொண்டிருந்திருக்கிறேன்.

மாப்பிள்ளை வேலை முடிந்து வந்ததும் அடுப்படிக்குக் கூப்பிட்டேன். தோசை சுட்டுக்கொண்டே பேசினேன், எதையாவது பார்த்துக்கொண்டு பேசினால்தான் வரும்.

“மாப்ள, பிள்ள அந்த மதிலுக்குள்ளதான இருக்கு?”

அவர் தோசைத் தட்டைக் கீழே வைத்தார்.

“மாரிக்குக் காட்டுங்க.”

“வேண்டாம் அத்த. ஊர்ல சித்தப்பாட்ட போன்ல கேட்டுத்தான் செஞ்சேன். தாய்க்காரிக்கு எடத்தக் காட்டாத, காட்டுனா மனசு அங்கயே கிடக்கும், அடுத்தது தங்காதுன்னாக.”

“இப்ப மட்டும் அவ மனசு எங்க கிடக்கு? கையில கிடக்கு. அந்த வளையல்ல.”

“பொம்பளைக அங்கெல்லாம் வரக் கூடாதுல்லா அத்த.”

“இத்தாலிக்கு வரலாமாக்கும்? கடலத் தாண்டலாமாக்கும்?”

“நீங்க என்ன வேணா சொல்லுங்க. அவ தாங்க மாட்டா. நான் அந்தப் பெட்டியத் தூக்கிட்டுப் போனேன் அத்த. எங் கைக்குள்ள அடங்கிருச்சு. எனக்கே...”

அப்போது நான் அவரிடம் ஒன்று சொன்னேன். அதை யாரிடமும் சொன்னதில்லை, இங்கேயும் எழுதப் போவதில்லை. ஆடித் திருவிழாக் கூட்டத்துக்குக் கடை போடப் போகும்போதெல்லாம், மாரியின் அப்பா அன்றைக்கு எந்தப் பக்கமிருந்து வந்தாரோ என்று ஊருக்கு வெளியே எந்தெந்த இடத்தைப் பார்த்து நடப்பேன் என்பது பற்றியது.

கேட்டுவிட்டு மாப்பிள்ளை அடுப்பை அணைத்தார். தோசை கருகிப்போயிருந்தது. அதையே பிய்த்து இரண்டு பேரும் சாப்பிட்டோம்.

மார்ச் 20, வியாழன்

மாப்பிள்ளை மாரியிடம் சொல்லிவிட்டார். அவர்கள் அறைக் கதவு சாத்தியிருந்தது. நான் வெளியே உட்கார்ந்து துணி மடித்தேன். மடித்ததை உதறி மறுபடி மடித்தேன். உள்ளே முதலில் மாப்பிள்ளை அழுகிற சத்தம்தான் கேட்டது. அவர் அழுது நான் கேட்டதில்லை. அதற்கப்புறம் மாரியும்.

பழைய சேலையை எடுத்து வைத்தேன். யாரும் என் மடிக்கு வரவில்லை. வேண்டியதில்லை, அழுகை சரியான மடிக்குத்தான் போயிருக்கிறது.

மார்ச் 23, ஞாயிறு

டவுன் பஸ் படகில் போனோம். ஆஸ்பத்திரிக் கரை தாண்டினதும் மாரியே எழுந்து வாசல் கம்பி பக்கத்தில் போய் நின்றாள். படகு மதிலோரம் இடித்து நின்றது. இறங்கினவர்கள் நாங்களும், பூங்கொத்து வைத்திருந்த ஒரு கிழவியும்தான்.

உள்ளே சுத்தமாக இருந்தது. எங்கள் ஊர்ச் சுடுகாடு மாதிரி முள் இல்லை. மாப்பிள்ளை வழி தெரிந்த மாதிரி, எங்கேயும் நிற்காமல் நடந்தார். அப்போதுதான் தெரிந்தது, இவர் இங்கே ஒரு தடவை வந்தவர் இல்லை. ஞாயிற்றுக்கிழமை ஓவர்டைம் போவார் என்று மாரி சொன்னதெல்லாம் இங்கேதான்.

ஒரு மூலையில் சின்னச் சின்ன மேடுகள். காற்றாடி, கரடி பொம்மை, ஒரு பால் புட்டி. கடைசி வரிசையில் ஒன்றுக்கு மட்டும் ஒன்றும் இல்லை. சிலுவை வேண்டாம் என்று சொன்னதால் ஒரு மரக்குச்சி நட்டிருந்தார்கள், அதில் தகரத்தில் ஒரு எண்ணும் மாரியின் பெயரும். பிள்ளைக்குப் பெயர் வைக்கவில்லை அல்லவா.

மாப்பிள்ளை ஷூவைக் கழற்றினார். நாங்களும் செருப்பைக் கழற்றினோம். மாரி உட்கார்ந்தாள். மண்ணில் உள்ளங்கையை வைத்தாள், தொட்டிலில் வைப்பதுபோல. “இம்புட்டுத்தானா” என்றாள். “இம்புட்டு எடந்தானா வேணும் அதுக்கு?”

“தலை நெறைய முடி மாரி” என்றார் மாப்பிள்ளை. “உன்ன மாதிரி சுருட்ட.”

“மூக்கு?”

“உங்கம்மா மூக்கு.”

“பாவம்” என்றேன் நான். இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். அந்த இடத்தில் பேசுகிற பேச்சா? ஆனால் வந்துவிட்டது.

வீட்டிலிருந்து கொஞ்சம் பால் கொண்டுபோயிருந்தேன். மாரி ஊற்றினாள். மண் உடனே குடித்துவிட்டது. பிறகு என் பக்கம் கையை நீட்டினாள்.

“கழட்டும்மா.”

சோப்பு, தேங்காய் எண்ணெய், துணி எல்லாம் பையில் வைத்திருந்தேன். எத்தனை இறுகின கையிலும் ஒன்றுகூட உடைக்காமல் கழற்றினவள் நான். எதுவும் தேவைப்படவில்லை. அவள் கை அவ்வளவு மெலிந்திருக்கிறது. விரலைக் கூட்டிப் பிடித்ததும் அதுவாக வழுகி என் கையில் விழுந்தது. ஒன்றும் உடையவில்லை.

மாரி வளையலையெல்லாம் வாங்கி, மண் போகத் துடைத்தாள். மாப்பிள்ளையிடம் நீட்டினாள்.

“எனக்கு எதுக்கு?” என்றார் அவர்.

“பிள்ளய மொதல்ல கையில வாங்குனவுகளுக்குத்தான குடுக்கணும்” என்றாள் மாரி. “நீங்கதான வாங்குனீக?”

அவர் இரண்டு கையையும் ஏந்தி வாங்கிக்கொண்டார். கோட்டுப் பாக்கெட்டில் போட்டார். படகுவரை நடக்கும்போதும், படகிலும், பஸ்ஸிலும், மாடிப்படியிலும் அவர் பாக்கெட்டில் அந்தச் சத்தம் கேட்டுக்கொண்டே வந்தது.

மார்ச் 24, திங்கள்

பொன்னுத்தாய் அக்காவுக்குப் பேசினேன். “பொண்ணுதான்க்கா. தலை நெறைய முடி. தங்கல. தெருவுல எல்லார்ட்டயும் நீயே சொல்லிரு. நான் வரும்போது யாரும் கேக்கக் கூடாது.” “நீ சாப்ட்டியா?” என்றாள் அக்கா. சாப்பிட்டேன் என்றேன்.

நேற்று எழுதாமல் விட்டது ஒன்று இருக்கிறது. பெட்டிக்குள் இருந்த அந்தச் சின்னப் பொட்டலத்தை நேற்று கொண்டுபோயிருந்தேன். கருவளையல். கைக்குழந்தைக்குக் கண்ணுபடாமல் இருக்கப் போடுகிற கறுப்புக் கண்ணாடி வளையல், என் மூன்று விரல் நுழையாத அளவு. கிளம்பும்போது கல்லாவில் இருந்து, கடைசி நிமிஷத்தில் எடுத்துச் செருகினேன். பிள்ளை இல்லை என்று தெரிந்த பிறகும் எதற்கு எடுத்தேன் என்று கேட்டால் எனக்குத் தெரியாது.

மாரியின் வளையலைக் கழற்றின பிறகு பொட்டலத்திலிருந்து ஒரு ஜோடியை எடுத்து அந்த மரக்குச்சியில் போட்டேன். கைக்குப் போடுவது மாதிரியே சிக்கென்று நின்றது. இன்னொரு ஜோடியையும் எடுத்து, அதற்கு மேல் போட்டேன்.

“ஏம்மா, எதுக்கு ரெண்டு ஜோடி?” என்றாள் மாரி.

“ஒண்ணு வாங்குனா ஒண்ணு இலவசம்ட்டி” என்றேன். “ஆடித் தள்ளுபடி.”

மாரி சிரித்துவிட்டாள். கண்ணில் தண்ணீரோடு, வாய்விட்டு. நான் இந்த ஊருக்கு வந்து அவளிடம் கேட்ட முதல் சிரிப்பு. நானும் சிரித்தேன். பிறகு அவள் சிரிப்பு மெல்ல நின்றது. குச்சியில் மேலே கிடந்த ஜோடியைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள்.

நான் செருப்பை மாட்டிக்கொண்டு, படகு வருகிறதா என்று பார்த்தேன்.